பழைய ரொட்டியும் பண்டிகைச் சாறும்



கிறிஸ்து பிறப்பு விழாவையொட்டி இந்தப் பத்திக்கு வரும் கடிதங்களில் பெரும்பாலானவை குடிலைப் பற்றியோ, பாடற்குழுவைப் பற்றியோ, நள்ளிரவுத் திருப்பலியில் உறங்கிவிடும் சிறுவரைப் பற்றியோ இருக்கும். இவ்வாண்டு வந்த ஒன்று வேறு வகையானது. காரைக்கால் பகுதியிலிருந்து ஒரு தாயார் எழுதியிருக்கிறார். மகன் பிரான்சில் வேலையிலிருக்கிறார். நீண்ட காலத்திற்குப் பிறகு மனைவி மக்களோடு விழாவுக்கு வருகிறார். பேரப்பிள்ளைகள் அங்கே பண்டிகை நாளில் வாட்டிய கோழியையும், அதனோடு ஊற்றிக்கொள்ளும் வெள்ளைச் சாற்றையும் உண்டு பழகியவர்கள். "கோழி வாட்ட எனக்குத் தெரியும், சாமி. வெள்ளைச் சாறு என் மாமியாருக்குத்தான் தெரிந்திருந்தது. எழுதி வைக்காமலே போய்விட்டார்கள். பத்துப் பேர் உட்காரும் பந்திக்கு வான்கோழிதான் வாங்க வேண்டும் என்கிறார்கள். அதற்குக் கடன் வாங்க வேண்டிவரும். வாங்கலாமா?" என்று கேட்டிருக்கிறார்.

கேள்விகள் இரண்டு. பிந்தியதற்கு முதலில் விடை சொல்லிவிடுகிறேன்: வேண்டாம், அம்மா. பண்டிகைக்கு வாங்கிய கடன் தவக்காலம் வரையில் வட்டி கேட்டுக்கொண்டு வாசலில் நிற்பதைப் பங்குகளில் பணியாற்றும் எந்தக் குருவும் கண்டிருப்பார். சுத்தம் செய்த ஒன்றரைக் கிலோ கோழியில் எலும்பு நீங்க ஏறத்தாழப் பாதி எடை இறைச்சி தேறும். பத்துப் பேருக்குப் பகிர்ந்தால் ஆளுக்கு 75 கிராம் அளவில் வரும். இரண்டு கோழி வாங்க முடிந்தால் நலம். ஒன்றுதான் முடியும் என்றாலும், உருளைக்கிழங்கும் நல்ல சாறும் உடனிருந்தால் எவரும் பசியோடு எழ மாட்டார்கள். இத்தகைய சாறுகள் தோன்றியதற்கே ஒரு காரணம் இதுதான்: சிறிதளவு இறைச்சியைப் பலருக்குப் போதுமானதாக்குவது. ஆகவே தாயாரின் இரண்டு கேள்விகளும் உண்மையில் ஒன்றோடொன்று பிணைந்தவை.

இனி அந்த வெள்ளைச் சாறு எது என்று பார்ப்போம். மேனாட்டுச் சமையலில் அவ்வாறு சொல்லத்தக்கவை இரண்டு உண்டு. ஒன்று, வெண்ணெயில் மைதா மாவை வறுத்துப் பாலை ஊற்றிக் காய்ச்சும் பிரெஞ்சுச் சாறு. அதற்கு பெஷமேல் என்று பெயர். பதினான்காம் லூயி மன்னனின் அரண்மனை அலுவலராயிருந்த லூயி த பெஷமெய் என்பவரின் பெயரால் அது வழங்குகிறது. மற்றொன்று, பாலில் வெங்காயத்தையும் வாசனைப் பொருள்களையும் ஊறவைத்து, ரொட்டித் தூளைப் போட்டுக் கெட்டியாக்கும் சாறு. இது இன்று பெரும்பாலும் இங்கிலாந்து நாட்டினரின் பண்டிகை மேசையில்தான் காணப்படுகிறது. கோழி, வான்கோழி, காடை, கௌதாரி முதலியவற்றை வாட்டிப் பரிமாறும்போது இதை உடன் வைப்பார்கள். ஆங்கிலேயரின் ரொட்டிச் சாஸ் என்பது இதுவே.

பிரெஞ்சு ஆட்சியிலிருந்த ஊரில் ஆங்கிலேயரின் சாறு எதற்கு என்று கேட்பீர்கள். பழைய நாளில் அது ஆங்கிலேயருக்கு மட்டும் உரியதாக இருக்கவில்லை. மத்திய கால ஐரோப்பா முழுவதிலும் சாற்றைக் கெட்டியாக்க ரொட்டியைத்தான் பயன்படுத்தினர். பாரீஸ் நகரத்துக் குடும்பத் தலைவர் ஒருவர் தம் இளம் மனைவிக்கென்று ஏறத்தாழ 1393ஆம் ஆண்டில் எழுதிய இல்லறக் கையேடு ஒன்று இன்றும் கிடைக்கிறது. இலவங்கப்பட்டையும் இஞ்சியும் காடியும் ரொட்டியும் சேர்ந்த காமெலின் என்னும் சாறு அதில் வருகிறது. நேரமில்லாதவர்கள் அதைச் சாறு விற்போரிடம் ஆயத்தமாகவே வாங்கிக்கொள்ளலாம் என்பதும் அந்நூலிலிருந்து தெரிகிறது. புட்டியில் அடைத்த சாஸ் இக்காலத்துச் சோம்பேறித்தனம் என்று குறைகூறும் மாமியார்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

ரொட்டியிடமிருந்து மாவுக்கு மாறியது பதினேழாம் நூற்றாண்டில். லா வரேன் என்னும் சமையற்கலைஞர் 1651இல் வெளியிட்ட நூலில் கொழுப்பில் வறுத்த மாவைக் கொண்டு சாற்றைக் கெட்டியாக்கும் முறை இடம்பெற்றது. அதற்குப் பிறகு பிரெஞ்சு உயர்குடியினரின் சமையல் வேறு வழியில் சென்றது. ஆங்கிலேயர் மட்டும் பழையதை விடாமல் பிடித்துக்கொண்டனர்.

சாஸ் என்ற சொல்லைப் பற்றியும் ஒரு வார்த்தை. இலத்தீனில் சால் என்றால் உப்பு. உப்பிட்டது என்ற பொருளில் சல்ஸா என்றனர். அதுவே பிரெஞ்சில் சோஸ் ஆயிற்று. தமிழில் இதற்கு ஈடு தேடினால் குழம்பு, சாறு, துவையல், பச்சடி, ஆணம் என்று பல சொற்கள் வருகின்றன. எதுவும் முற்றிலும் பொருந்தவில்லை. நான் சாறு என்றே எழுதுகிறேன். சமைக்கும் இடத்தின் பெயரிலும் இப்படி ஓர் உறவு இருக்கிறது. நம் பக்கத்தில் இன்றும் முதியவர்கள் அடுப்பங்கரையைக் குசினி என்கிறார்கள். அது போர்த்துக்கீசியரின் கொசீஞா என்னும் சொல்லிலிருந்து வந்தது என்பர். பிரெஞ்சுக்காரரின் க்யுஸீன் அதற்கு உடன்பிறப்பு. இரண்டையும் ஈன்ற தாய் இலத்தீன்.

காரைக்கால் 1739இல் பிரெஞ்சுக் கம்பெனியின் வசமாயிற்று. இடையிடையே ஆங்கிலேயர் கைக்குப் போய், 1817இல் மீண்டும் பிரெஞ்சுக்காரருக்கே வந்தது. 1954 நவம்பர் 1ஆம் நாள் நிர்வாகம் இந்திய அரசின் கைக்கு மாறியது. சட்டப்படியான ஒப்படைப்பு 1962 ஆகஸ்டு 16ஆம் நாள் நிறைவுற்றது. அப்போது பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்துகொண்ட குடும்பங்கள் பல. பிரெஞ்சுப் படையில் பணியாற்றி ஓய்வூதியம் பெற்றவர்கள் உண்டு. சைகோனில் வேலை பார்த்துத் திரும்பியவர்களும் உண்டு. அத்தகைய வீடுகளில் மீன் குழம்பும் மேனாட்டுப் பதார்த்தமும் ஒரே பந்தியில் அமர்வது புதிதன்று. புதுவைச் சமையலில் தேங்காய்ப்பாலும் எலுமிச்சையும் சேர்ந்த அசாத் கறி என்றொரு பக்குவம் உண்டு. போர்த்துக்கீசிய மொழியில் அசாதோ என்றால் வாட்டிய இறைச்சி. ஆகவே, கடிதம் எழுதிய தாயாரின் மாமியார் வெள்ளைச் சாறு செய்தார் என்பதில் எனக்கு வியப்பில்லை.

ஆங்கிலேயர் பக்கத்திலும் இதற்கு ஒரு சான்று இருக்கிறது. கென்னி ஹெர்பர்ட் என்னும் படைத்துறை அலுவலர் வைவர்ன் என்ற புனைபெயரில் எழுதிய சமையல் நூல் ஒன்றை 1878இல் சென்னை ஹிக்கின்பாதம்ஸ் வெளியிட்டது. சென்னையில் குடியிருந்த வெள்ளைக்காரக் குடும்பங்களுக்காக எழுதப்பட்டது அது. அதில் சமையற்காரர் எல்லாருக்கும் ராமசாமி என்றே பெயர். அவர் சாறுகளைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார். நம் குழம்புகளைப் பற்றியும் மதிப்போடு எழுதியிருக்கிறார். ஆனால் அந்த நூலைப் புரட்டும்போது எனக்குத் தோன்றுவது வேறு. துரைசானி சொல்லச் சொல்லக் கேட்டு, அளவுகளை மனத்தில் ஏற்றி, விறகடுப்பில் பால் பொங்காமல் காத்து, அந்தச் சாறுகளைச் செய்து முடித்தவர்கள் அந்த ராமசாமிகள்தாம். அவர்களில் ஒருவருடைய உண்மைப் பெயரும் சமையல் வரலாற்றில் நிற்கவில்லை. மாமியாரின் கைப்பக்குவம் அவரோடு போயிற்று என்று நம் தாயார் எழுதிய வரியைப் படித்தபோது இவர்களையே நினைத்துக்கொண்டேன்.

ரொட்டிச் சாற்றுக்கும் திருச்சபை ஒழுங்குக்கும் ஒரு தொடர்பு இருந்தது. முற்காலத்தில் தவக்காலத்தில் இறைச்சி மட்டுமன்றிப் பால், வெண்ணெய், முட்டை ஆகியவையும் விலக்கப்பட்டிருந்தன. வசதி படைத்தோர் வாதுமைப் பருப்பை அரைத்துப் பாலெடுத்து, அதில் ரொட்டியைக் கலந்து சாறு செய்தனர். வாதுமை வாங்க இயலாத வடநாடுகளின் ஏழைகளுக்கு அது பெருஞ்சுமையாக இருந்தது. சிலர் காணிக்கை செலுத்தி வெண்ணெய் உண்ண அனுமதி பெற்றனர். பிரான்சு நாட்டு ரூவான் நகரத்துப் பேராலயத்தில் 1485இல் தொடங்கிக் கட்டப்பட்ட கோபுரம் ஒன்றுக்கு இன்றளவும் வெண்ணெய்க் கோபுரம் என்றே பெயர். அத்தகைய காணிக்கைகள் அதன் கட்டடச் செலவுக்கு உதவின என்பர். 1917ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டத் தொகுப்பு சுத்தபோசன ஒழுங்கைக் கூறும்போது பாலையும் முட்டையையும் விலக்கவில்லை. ஆதலால் நம் பாட்டிமார் வெள்ளிக்கிழமையில் மோர் ஊற்றிக்கொள்ள எவருக்கும் காணிக்கை செலுத்த நேரவில்லை.

வாதுமைப் பாலைப் பற்றிச் சொன்னதும் தேங்காய்ப்பால் உங்கள் நினைவுக்கு வந்திருக்கும். திருநெல்வேலியில் மாப்பிள்ளை விருந்துக்கு வைக்கும் சொதியும், யாழ்ப்பாணத்தில் இடியாப்பத்தோடு அன்றாடம் ஊற்றும் சொதியும் வெள்ளைச் சாறுகள் அல்லாமல் வேறென்ன? கெட்டியாக்குவதற்கும் நம்மவர் ரொட்டியைத் தேடியதில்லை; கசகசா, முந்திரி, பொட்டுக்கடலை, ஊறவைத்த அரிசி எனப் பல வைத்திருந்தனர். அந்தப் பழக்கம் கடலும் கடந்தது. 1848இல் பிரெஞ்சுக் குடியேற்றங்களில் அடிமை முறை ஒழிக்கப்பட்ட பிறகு, கரும்புத் தோட்டங்களுக்குக் காரைக்காலிலிருந்தும் புதுவையிலிருந்தும் கூலி ஒப்பந்தத்தில் ஆட்கள் கப்பலேற்றப்பட்டனர். ஒரேலி என்னும் கப்பல் 1853 மே மாதத்தில் மார்த்தினிக் தீவை அடைந்தது. அதே கப்பல் அடுத்த ஆண்டு குவாதலூப் தீவுக்கு இந்தியரைக் கொண்டு சேர்த்தது. அது சரியாகக் கிறிஸ்து பிறப்புத் திருவிழாவின் முந்திய நாள். அந்தத் தீவுகளில் இன்றும் கொலொம்போ என்னும் கறி பெயர் பெற்றது. நம் குழம்பு என்ற சொல்லே அங்கே அவ்வாறு திரிந்தது என்பர். அதன் பொடியில் வறுத்த அரிசியையும் சேர்த்து அரைப்பதுண்டு, சாறு கெட்டிப்படுவதற்காகத்தான். சொந்த ஊருக்குத் திரும்ப முடியாமல் போனவர்கள் பேரப்பிள்ளைகளுக்கு விட்டுச்சென்றவற்றில் அதுவும் ஒன்று.

சரி, அடுப்பை மூட்டுவோம். ஆறு பேருக்கு வேண்டிய அளவு சொல்கிறேன்; பத்துப் பேருக்கு எல்லாவற்றையும் ஒன்றரை மடங்குக்குச் சற்றுக் கூடுதலாக்கிக் கொள்க.

பால் அரை லிட்டர். தண்ணீர் சேர்க்காத பாலாக இருக்கட்டும். நடுத்தரமான பெரிய வெங்காயம் ஒன்று. கிராம்பு ஐந்து. மிளகு ஏழெட்டு. ஜாதிபத்திரி விரல்நுனி அளவு; இல்லாவிடில் கடைசியில் ஜாதிக்காயைச் சிறிது உரசிக்கொள்ளலாம். பிரிஞ்சி இலை பாதி. பாதி என்பதற்குக் காரணம் உண்டு. மேனாட்டுக் குறிப்புகளில் சொல்லப்படுவது லாரல் என்னும் வேறு மரத்தின் இலை. நம் கடைகளில் கிடைப்பது இலவங்கப்பட்டை இனத்து மரத்தின் இலை. முழு இலையைப் போட்டால் சாறு பிரியாணி மணக்கும். பழைய ரொட்டித் தூள் 80 முதல் 100 கிராம். வெண்ணெய் 25 கிராம். உப்பு. பாலேடு இருந்தால் இரண்டு மேசைக்கரண்டி.

வெங்காயத்தைத் தோலுரித்து, கிராம்புகளை ஆணி அறைவதுபோல் அதில் குத்திவிடுங்கள். கிராம்பின் மணத்துக்குக் காரணமான யூஜினால் என்னும் எண்ணெய் கொழுப்பில் எளிதாகக் கரைவது. ஆகவே பால் அதை நன்கு இழுத்துக்கொள்ளும். ஐந்துக்கு மேல் போகாதீர்கள். பல்வலிக்குக் கிராம்புத் தைலம் தடவிய நினைவு வந்துவிடும்! பாலில் வெங்காயத்தையும் மற்ற வாசனைப் பொருள்களையும் இட்டு, மெல்லிய தணலில், ஓரங்களில் நுரை கட்டும் வரை சூடாக்குங்கள். பொங்க விடாமல் இறக்கி, மூடி, அரை மணி நேரம் வைத்திருங்கள். இந்த அரை மணி நேரம்தான் சாற்றின் உயிர். அவசரத்தில் இதைக் குறைத்தால் பால்சோறு போலச் சப்பென்று இருக்கும்.

பிறகு வடிகட்டுங்கள். வடித்த பாலை மீண்டும் சிறு தணலில் வைத்து, ரொட்டித் தூளைத் தூவிக் கிளறுங்கள். ஐந்து நிமிடத்தில் கெட்டிப்படத் தொடங்கும். மாவைப் போட்டால் பச்சை வாசம் போகக் காய்ச்ச வேண்டும். ரொட்டிக்கு அது தேவையில்லை. ரொட்டி சுடும்போதே அதன் மாவுச்சத்து நீரை உறிஞ்சி உப்பி வெந்துவிடுகிறது. அது ஆறிப் பழையதாகும்போது மாவுச்சத்து மறுபடி இறுகி, ரொட்டி விறைப்பாகிறது. அந்த விறைத்த தூள் சூடான பாலைக் கண்டதும் மீண்டும் நீரை வாங்கிக்கொள்கிறது. இதனால்தான் புது ரொட்டியை விடப் பழைய ரொட்டி மேலானது. புதியது பிசின்போல் உருண்டு கட்டியாகிவிடும். கடைசியில் வெண்ணெயும் உப்பும் பாலேடும் சேர்த்து இறக்குங்கள். கரண்டியிலிருந்து ஊற்றினால் பாயசத்தைவிடக் கெட்டியாகவும் களியைவிடத் தளர்வாகவும் விழ வேண்டும். இருக்க இருக்க இன்னும் இறுகும். அப்போது ஒரு கரண்டி சூடான பால் ஊற்றிக் கிளறினால் போதும்.

ரொட்டியைத் தேர்வதில்தான் நம் ஊரில் தவறு நேரும். கடைகளில் அடுக்கியிருக்கும் மிருதுவான வெட்டு ரொட்டிகள் பலவற்றில் சர்க்கரை இருக்கிறது. அதைப் போட்டால் சாறு தித்திக்கும், கோழிக்கு ஒவ்வாது. புதுவைப் பக்கத்தில் கிடைக்கும் நீண்ட பிரெஞ்சு ரொட்டி, அல்லது இனிப்பில்லாத உப்பு ரொட்டி ஏற்றது. ஓரத்தை நீக்கிவிடுக, நீக்கியதை எறிய வேண்டாம், நெய்யில் முறுக வறுத்துச் சாற்றின்மேல் தூவலாம். மார்கழி நெருங்கும் நாட்களில் வடகிழக்குப் பருவமழையின் ஈரம் நம் கடற்கரை வீடுகளில் தங்கியிருக்கும். ரொட்டி பழையதாவதற்குள் பூஞ்சை பிடித்துவிடும். பூஞ்சை கண்ட பகுதியை மட்டும் கிள்ளிவிட்டு மிச்சத்தைப் பயன்படுத்துவது கூடாது. அதன் வேர் கண்ணுக்குத் தெரியாமல் உள்ளே ஓடியிருக்கும். எனவே முதல் நாளே ரொட்டியை வில்லையாக்கி, சூடு தணிந்த தோசைக்கல்லில் வைத்து ஈரம் போக உலர்த்தி, மிக்ஸியில் ஒரு சுற்றுச் சுற்றிக் காற்றுப் புகாத டப்பாவில் வைத்துக்கொள்ளுங்கள்.

கிராம்பைப் பற்றி ஒரு கதை, குருமடத்தில் படித்தவன் சொல்லாமல் விட முடியாத கதை. கிராம்பு மொலுக்கஸ் தீவுகளுக்கு மட்டுமே உரியதாய் இருந்த காலத்தில் டச்சுக்காரர் அதைப் பூட்டி வைத்திருந்தனர். லியோன் நகரத்தில் 1719இல் பிறந்த பியேர் புவாவ்ர் என்பவர் பாரீஸ் வேதபோதக சபையாரோடு சேர்ந்து கீழ்த்திசைக்கு வந்தார். குருவாக வேண்டும் என்பது எண்ணம். 1745இல் ஊருக்குத் திரும்பும் வழியில் ஆங்கிலேயக் கப்பலோடு நடந்த சண்டையில் பீரங்கிக் குண்டு பட்டு வலக்கையை இழந்தார். கையில்லாதவர் பலி நிறைவேற்ற இயலாதாகையால் குருத்துவம் கைகூடவில்லை. அவர் பின்னாளில் மொரீசியஸ் தீவின் நிர்வாகியானார். அவர் அனுப்பிய ஆட்கள் டச்சுக்காரரின் காவலை ஏமாற்றி 1770இல் கிராம்பு, ஜாதிக்காய்க் கன்றுகளை அந்தத் தீவுக்குக் கொண்டுவந்தனர். புவாவ்ர் என்றால் பிரெஞ்சில் மிளகு என்றே பொருள்! நம் நாட்டில் கிராம்பு நட்டது ஏறத்தாழ 1800ஆம் ஆண்டில், ஆங்கிலக் கம்பெனியார் குற்றாலத்தில் அமைத்த தோட்டத்தில். ஆக, வெங்காயத்தில் குத்தும் அந்த ஐந்து கிராம்பும் எளிதில் வந்தவை அல்ல. ஆறாவதைத் தவிர்ப்பதற்கு இதுவும் ஒரு காரணமாகட்டும்.

பால் ஒத்துக்கொள்ளாதவர்கள் வீட்டில் இருந்தால் தேங்காய்ப்பாலில் செய்யலாம். என் நாவுக்கு இதுவே உயர்ந்தது என்பேன். நல்ல முற்றிய தேங்காய் ஒன்றைத் துருவி, முதற்பால் ஒரு தம்ளரும் இரண்டாம் பால் இரண்டு தம்ளரும் எடுங்கள். வாசனைப் பொருள்களை இரண்டாம் பாலில் ஊறவைத்து வடித்து, ரொட்டித் தூளையும் அதிலேயே வேகவிடுங்கள். கெட்டியான பின் அடுப்பை அணைத்துவிட்டு முதற்பாலை ஊற்றிக் கிளறுங்கள். முதற்பால் கொதித்தால் எண்ணெய் தனியே பிரிந்து திரிதிரியாகும். சொதி வைக்கும் பாட்டிமாருக்கு இதை நான் சொல்ல வேண்டியதில்லை. வெண்ணெய் வேண்டாம். கீறிய பச்சைமிளகாய் ஒன்றும் தட்டிய இஞ்சி ஒரு துண்டும் இரண்டாம் பாலில் சேரலாம். எலுமிச்சைச் சாறு சில துளிகள், இறக்கிய பிறகு. பசும்பாலில் செய்யும்போது எலுமிச்சை கூடவே கூடாது, திரிந்துவிடும்.

கோழி வாட்டத் தெரியும் என்று தாயார் எழுதியிருப்பதால் அதைப் பற்றி அதிகம் சொல்லவில்லை. ஓவன் அடுப்பு இல்லாத வீடுகளுக்கு மட்டும் ஒரு குறிப்பு. நாட்டுக்கோழியை முழுதாகவே உப்பும் இஞ்சியும் மிளகும் போட்ட நீரில் முதலில் சிறு தணலில் முக்கால் பதம் வேகவிட்டு எடுத்து, உடனேயே அடிகனமான சட்டியில் வெண்ணெயோ நெய்யோ விட்டு, மூடி, அடிக்கடி திருப்பிச் சிவக்க வாட்டுங்கள். வெந்த நீரை வைத்துக்கொண்டால் சாறு இறுகும்போது தளர்த்த உதவும். கறிக்கோழியானால் முன்வேகல் தேவையில்லை. தொடைச் சந்தில் வெப்பமானி 74 பாகையைக் காட்டினால் வெந்தது என்று பொருள்.

நள்ளிரவுத் திருப்பலிக்குப் போகும் குடும்பங்களில், எல்லாரும் புறப்பட்ட பிறகும் தாய் ஒருத்தி அடுப்பருகில் நிற்பதை நான் விரும்புவதில்லை. ஒவ்வோர் ஆண்டும் கோயிலில் சில இடங்கள் அவ்வாறு வெறுமையாய் இருக்கின்றன. இந்தச் சாறு அந்த வகையில் இரக்கமுள்ள சாறு. மாலையிலேயே பாலைக் காய்ச்சி ஊறவைத்து வடித்து, குளிர்பதனப் பெட்டியில் வைத்துவிடலாம். ரொட்டித் தூள் டப்பாவில் இருக்கிறது. வீடு திரும்பிய பின் பத்து நிமிட வேலைதான். அந்தப் பத்து நிமிடமும் தாயே நிற்க வேண்டும் என்பதில்லை. கரண்டி பிடித்துக் கிளற பிரான்சிலிருந்து வந்த மகனுக்குத் தெரியாதா என்ன? பேரப்பிள்ளைகளில் எழுதத் தெரிந்த ஒருவரை அருகில் உட்காரவைத்து, பாட்டி கையால் போடுவதைத் தராசில் நிறுத்துக் குறித்துக்கொள்ளச் சொல்லுங்கள். தமிழிலும் எழுதட்டும், பிரெஞ்சிலும் எழுதட்டும்.

ஊறவைத்த பாலை வெளியிலேயே விட்டுவிட்டுத் திருப்பலிக்குப் போகாதீர்கள். நம் வெப்பத்தில் பாலும் ரொட்டியும் கலந்தது எளிதில் கெடும். இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியில் இருந்ததைப் பரிமாறக் கூடாது.

இந்தக் கடற்கரையில் டிசம்பர் 25க்கு அடுத்த நாள் மற்ற ஊர்களைப்போல் வெறும் மறுநாள் அன்று. 2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை காலையில் ஆழிப்பேரலை வந்தபோது பல வீடுகளில் முதல் நாள் சமைத்த பாத்திரங்கள் இன்னும் கழுவப்படாமலே இருந்திருக்கும். மீனவர் குப்பங்களில் அன்றைய நாளை இன்றும் கடலில் பாலூற்றி, மலர் தூவி நினைவுகூர்கிறார்கள். அந்தக் குப்பங்களில் பெரும்பாலோர் நம் மறையைச் சேர்ந்தவர் அல்லர். ஆனால் பண்டிகைப் பலகாரம் நம் வீட்டிலிருந்து அவர்கள் வீட்டுக்கும், பொங்கல் அங்கிருந்து இங்கும் போய்வரும் உறவு பழையது. அடுத்த வீட்டில் அடுப்பு மூட்ட மனமில்லாத நாள் அது என்று தெரிந்தால், 25ஆம் நாளே ஒரு பாத்திரத்தை அதற்கென எடுத்துக் குளிரில் வைத்துவிடுவது நல்லது.

மீந்த சாற்றைக் குளிர்பதனப் பெட்டியில் ஒருநாள், மிஞ்சினால் இரண்டு நாள் வைக்கலாம். அது கட்டியாகிவிடும், சாறாக மீட்க முயல வேண்டாம். எலும்பிலிருந்து பிய்த்த கோழித் துணுக்குகளையும், பொடியாக அரிந்த பச்சைமிளகாயையும், கொத்தமல்லியையும் அதில் பிசைந்து, சிறு வடைகளாகத் தட்டி, மிஞ்சிய ரொட்டித் தூளில் புரட்டித் தோசைக்கல்லில் எண்ணெய் விட்டு இருபுறமும் சிவக்கச் சுட்டெடுங்கள். உருளைக்கிழங்கு இருந்தால் அதையும் சேர்க்கலாம். ஒரு கோழியில் மீந்ததைக் கொண்டு பன்னிரண்டு வடை வரும். சூட்டோடு கொடுங்கள், ஆறினால் தளர்ந்துவிடும்.